மறுவீட்டுக்கு முந்தின திங்கக்கிழமை

உக்காரு தாயி, இந்தப் பக்கமா உக்காரு. அங்கிட்டு வெயில் ஏறிரும். பத்தரைக்கு மேல அந்தச் சொவரு தோசைக்கல்லு மாதிரி ஆயிரும். அஞ்சு பரிட்சையா வந்து உக்காந்து பாத்துட்டேன்ல, எங்க எப்ப நெழலு விழும்னு இந்தப் பள்ளிக்கூடத்து வாட்ச்மேனை விட எனக்கு நல்லாத் தெரியும்.

உன் மக உள்ள எழுதுதா? எதுல போச்சு? கெமிஸ்ட்ரியா. போகட்டும், இந்தத் தடவை எழுதிரும். ஆவணியில கல்யாணமா? நல்லது, நல்லது. காலாகாலத்துல முடிச்சுக் குடுத்துரு.

எனக்குப் பேத்தி இல்ல தாயி உள்ள இருக்கது. எல்லாரும் அப்படித்தான் கேக்காக. உள்ள எழுதுறது என் மருமக. சந்தனமாரி. நாப்பது வயசு. சிரிக்காத. அவ டீச்சரு. கவருமெண்டு பள்ளிக்கூடத்துல ஒரு வருசம் எட்டு மாசம் பத்தாம் வகுப்புக்குச் சரித்திரம் சொல்லிக் குடுத்தவ. அவ சொல்லிக் குடுத்த பிள்ளைக பன்னெண்டு முடிச்சுட்டுக் காலேஜுக்குப் போயிருச்சுக. அவ இங்க வந்து அதே பன்னெண்டு எழுதிக்கிட்டு இருக்கா.

அதான் ஆச்சரியமா பாக்க. சொல்லுதேன். மணி அடிக்க இன்னும் ரெண்டரை மணி நேரம் கெடக்கு.

சந்தனமாரி எனக்கு அசல் இல்ல, எங்கண்ணன் மகதான். எங்க காளிராசுக்குக் கட்டுனோம். காளிராசு என் மகன், லாரியில போறான், எட்டாவது வரைக்கும் படிச்சான். தங்கமான பய. நான் தீப்பெட்டி ஆபீசுல முப்பத்தி நாலு வருசம் லேபிள் ஒட்டுனவ. எழுத்து தெரியாது. லேபிள்ல கிளி இருக்கா, அன்னாசிப் பழம் இருக்கான்னு படத்தப் பாத்துத்தான் ஒட்டுவேன். அப்படிப்பட்டவ நான் என் மருமகளப் படிக்க விட்டேன் பாத்துக்க. எந்த மாமியா விடுவா? நீயே சொல்லு. ரெண்டு பிள்ளையையும் நான் மடியில போட்டுக்கிட்டேன். "நீ படி மாரி, சோத்த நான் பொங்குதேன்"னு சொன்னேன். தெருவே சொல்லும், வேணும்னா வந்து கேளு.

அதும் அந்தப் படிப்பக் கண்டுபிடிச்சுக் குடுத்ததே நான்தான். ஒருநா பஸ்ஸுல ஒருத்தன் நோட்டீசு குடுத்துக்கிட்டு வந்தான். பக்கத்துல இருந்தவுகள வாசிக்கச் சொன்னேன். பன்னெண்டாவது எழுத வேண்டாம், வயசு இருந்தாப் போதும், நேரா டிகிரி படிக்கலாம், வீட்டுல இருந்தே படிக்கலாம்னு போட்டிருக்காம். எனக்குச் சந்தோசம்னா சந்தோசம். இவ பன்னெண்டுல பாதியில விட்டவளாச்சா. அந்தப் பரிட்சையே வேண்டாம்னு ஒரு வழி இருக்குன்னா விடுவேனா? நோட்டீச முந்தியில முடிஞ்சு கொண்டாந்து குடுத்தேன். அவ ரெண்டு தடவை வாசிச்சா. "பன்னெண்ட முடிச்சிட்டே போறேனே அத்தே"ன்னா. "அடிப் போடி, சுத்தி வர்ற ரோடு எதுக்கு, குறுக்கு வழி கெடக்கும்போது"ன்னேன். எம்பேச்சைத் தட்ட மாட்டா. எப்பவுமே தட்ட மாட்டா.

பி.ஏ. முடிச்சா. பி.எட். முடிச்சா. சேத்துக்கும்போது எந்தக் காலேஜுக்காரனும் பன்னெண்டு எங்கன்னு கேக்கல. டீச்சருக்குன்னு ஒரு பரிட்சை வைக்கான்ல, அதுல முதல் தடவை நாலு மார்க்குல போச்சு, ரெண்டாந் தடவை பாஸு. அப்புறம் ஒருநா தபால்காரரு வந்து கையெழுத்துக் கேட்டாரு. ஆர்டரு. நான் அன்னைக்கித் தீப்பெட்டி ஆபீசு முழுக்க ஆரஞ்சு முட்டாய் குடுத்தேன். கங்காணி கேட்டாரு, "என்ன குருவம்மா, பேரன் பொறந்திருக்கானா?" "அதெல்லாம் எவ வீட்டுலயும் பொறக்கும். எங்க வீட்டுல டீச்சரு பொறந்திருக்கா"ன்னேன். ஆபீசே சிரிச்சிச்சு.

அப்பறம் எனக்கு ஊருல பேரே மாறிப் போச்சு. டீச்சரம்மா மாமியா. ரேசன் கடையில கூட "டீச்சரம்மா மாமியாவுக்கு மொதல்ல போடுப்பா"ம்பான். பள்ளிக்கூடம் ரெண்டு ஊரு தள்ளி. மத்தியானச் சோத்த மறந்துட்டான்னு சாக்குச் சொல்லிக்கிட்டு நான் தூக்குச்சட்டியோட போயிருவேன். மறந்திருக்க மாட்டா, நாந்தான் அடுப்படியில ஒளிச்சு வச்சிருப்பேன். சன்னலுக்குக் கீழ நின்னு கேப்பேன். வீட்டுல அவ கொரலே கேக்காது தாயி. "சரி அத்தே", "இல்ல அத்தே", அம்புட்டுதான். அங்க கணீர்னு பேசுவா. கப்பல்ல வந்தானாம், ஊரைப் பிடிச்சானாம், இவ சொல்லும்போது எனக்கே அந்த வெள்ளைக்காரன் மேல கோவம் வரும். இது நம்ம மாரிதானான்னு எக்கி எக்கிப் பாப்பேன்.

அதுல மண்ணள்ளிப் போட்டா ஒருத்தி. செயக்கொடின்னு பேரு. வேலைக்கு எடுத்த லிஸ்டுல கடைசிப் பேருக்கு அடுத்த பேரு அவளோடதாம். இவளுக்குக் கிடைச்சது தனக்குக் கிடைச்சிருக்கணும்னு பெரிய கோர்ட்டுல கேசு போட்டுட்டா. இவ டிகிரி செல்லாதாம். பத்து, அதுக்கப்புறம் பன்னெண்டு, அதுக்கப்புறந்தான் டிகிரியாம். அப்படி வரிசையாப் படிச்சாத்தான் கவருமெண்டு வேலைக்கு ஆகுமாம்.

நான் வக்கீலுகிட்டயே கேட்டேன். "ஏன் சாமி, இடையில ஒரு படிய மிதிக்கல, தாண்டித்தான் ஏறுனா. ஆனா ஏறிட்டாள்ல? மேல நிக்காள்ல? நின்னு பாடமும் நடத்துதாள்ல? அவளப் போயி கீழ எறங்குங்கீகளே, எந்த ஊரு நாயம்?" வக்கீல் நல்ல மனுசன். சிரிச்சுக்கிட்டே, "பாட்டி, நீங்க வாதாடுனா ஒருவேளை ஜெயிக்கலாம்"னாரு. அப்புறம் மாரியப் பாத்துக் கேட்டாரு. "ஏம்மா, நீங்க பிளஸ் டூ ரெண்டு வருசமும் பள்ளிக்கூடம் போயிருக்கீங்க. பரிட்சையும் பாதி எழுதியிருக்கீங்க. அதுக்கு ஏதாவது ஒரு காகிதம், ஹால் டிக்கெட் மாதிரி, இருக்கா? படிக்காம ஏமாத்திட்டு வந்தவ இல்ல, குடும்பச் சூழ்நிலையில நின்னு போச்சுன்னு சொல்லி நீதிபதிகிட்ட இரக்கமாவது கேட்டுப் பாப்பேன்"னாரு.

இவ, "இல்ல சார். கல்யாண வீட்டுல எங்கயோ தொலைஞ்சு போச்சு"ன்னா. சொல்லும்போது என்னையப் பாக்கல. வக்கீலுக்குப் பின்னால ஒரு காலண்டர் தொங்குச்சு, அதப் பாத்துக்கிட்டே சொன்னா.

நானும் அந்தக் காலண்டரத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்.

தீர்ப்பு வந்திருச்சு. அதுல என்ன எழுதியிருக்குன்னு எனக்குத் தெரியாது. முப்பது நாப்பது பக்கம் இருக்கும். இவ எல்லாத்தையும் வாசிச்சா, வாசிச்சு மடிச்சு வச்சிட்டா. "என்னடி போட்டிருக்கு?"ன்னு கேட்டேன். "நல்லாத்தான் எழுதியிருக்காரு அத்தே, தப்பு ஒண்ணும் இல்ல"ன்னா. என்ன பேச்சு பாரு! வயிறு எரிஞ்சு ரெண்டு வார்த்தை திட்டக் கூடாதா?

கடைசி நாளு பள்ளிக்கூடத்துல இருந்து வந்தவ கொடத்துத் தண்ணிய எடுத்துத் தலையில ஊத்திக்கிட்டா. எழவு வீட்டுக்குப் போயிட்டு வந்தா ஊத்துவம்ல, அந்த மாதிரி. இப்ப என்ன செய்யுதான்னு கேக்கியா? தீப்பெட்டி ஆபீசுல பண்டல் போடுதா. நான் உக்காந்து எந்திரிச்ச அதே பலகை. அவகிட்டப் படிச்ச பிள்ளைகளோட ஆத்தாமாரு கூடவே உக்காந்து வேலை பாக்காளுக. அவளுகளுக்குப் பேரு சொல்லிக் கூப்பிட வாய் வரமாட்டேங்கு. "டீச்சர், அந்தப் பசைச் சட்டிய இப்படித் தள்ளுங்க"ம்பாளுக. இவ தள்ளி விடுவா. நான் ஒரு நாளு சோறு கொண்டு போனப்பக் காதுல விழுந்துச்சு. அதுக்கப்புறம் நான் அங்க சோறு கொண்டு போறதில்ல.

அந்தச் செயக்கொடிய நான் விடல பாத்துக்க. ஒரு வெள்ளிக்கிழமை பஸ் ஏறி அவ ஊருக்கே போனேன். அம்மன் கோயில் வாசல்ல ஒரு கைப்பிடி மண்ணு அள்ளிக்கிட்டேன். அவ வீட்டு வாசல்ல நின்னு தூத்தணும், என் மருமக வயித்துல அடிச்சவ வீடு வெளங்கக் கூடாதுன்னு மூணு தடவை சொல்லணும். வழியெல்லாம் சொல்லிப் பாத்துக்கிட்டே போனேன்.

கதவத் தொறந்தா பாரு. ஓலைச்சுவடி மாதிரி ஒரு பொம்பள. கண்ணாடி. கழுத்துல டேப்பு. தையல் மெசினுல இருந்து எந்திரிச்சு வந்திருக்கா. நான் யாருன்னு சொன்னேன். கையப் பாத்தா. மூடியிருந்த கைய.

"மண்ண அப்புறம் தூத்துங்க பாட்டி. மொதல்ல தண்ணி குடிங்க, வெயில்ல வந்திருக்கீக"ன்னா.

சண்டைக்குப் போன எடத்துல இப்படிச் சொன்னா என்ன செய்வ? குடிச்சேன். மோர்தான் குடுத்தா. பதினோரு வருசமா லிஸ்டுல கெடந்தாளாம். ஒவ்வொரு வருசமும் ஒரு மார்க்கு, ரெண்டு மார்க்குல போகுமாம். இன்னும் மூணு வருசம் போனா வயசும் தாண்டிருமாம், ஆர்டரு இன்னும் கைக்கு வரலையாம். "நான் உங்க மருமகளுக்கு எதிரா கேசு போடல பாட்டி, எனக்காகத்தான் போட்டேன்"ன்னா. இந்த நியாயமெல்லாம் எங்கிட்டயான்னு கேக்க வாயத் தொறந்தேன். அதுக்குள்ள அவ ஒண்ணு கேட்டா.

"உங்க மருமக ஏன் பாட்டி பன்னெண்டாவது எழுதல? கோர்ட்டுல நான் அவுகளப் பாத்தேன். அந்தப் பரிட்சைக்குப் பயந்த ஆளு மாதிரித் தெரியலயே?"

நான் எந்திரிச்சிட்டேன். பஸ்ஸுக்கு நேரமாச்சில்ல. அங்க இருந்து மூணு மணிக்கு ஒரே பஸ்ஸுதான். டிக்கெட் வாங்கும்போதுதான் பாத்தேன், மண்ணு கையிலயே இருக்கு. வேர்வையில கட்டியாப் போயிருந்துச்சு. சன்னல் வழியாத் தட்டி விட்டேன்.

அவளுக்கு எதுக்குப் பதில் சொல்லணும்? நீ கேட்டாச் சொல்லுவேன். உனக்குத் தெரியும், நீயும் கல்யாணம் வச்சிருக்க.

அந்த வருசம் எங்க ஊருல பங்குனிப் பொங்கலுக்குத் தமுக்கடிச்சு நாளு சாட்டப் போறாக. சாட்டிட்டாப் பொங்கல் முடியிற வரைக்கும் ஊருக்குள்ள கல்யாணம் செய்ய முடியாது. அதுக்கப்புறம் சித்திரை, அது ஆகாது. வைகாசி வரைக்கும் தள்ளணும். சாட்டுறதுக்கு முன்னால தோதா ஒரு வெள்ளிக்கிழமை முகூர்த்தம் இருந்துச்சு. எங்கண்ணன் இழுத்தான். "குருவு, பிள்ளைக்குப் பரிட்சை நடக்கு, வைகாசியில வச்சுக்குவமே"ன்னான். நான் என்ன சொன்னேன்? "பரிட்சை வருசா வருசம் வரும்ணே, நல்ல நாளு வருமா?"ன்னேன். தப்பா? வைகாசிக்குள்ள என்ன நடக்கும்னு யாரு கண்டா? ரிசல்ட்டு வரும். பள்ளிக்கூடத்துலயே மொத ஆளா வருவான்னு வாத்திமாரு சொல்லிக்கிட்டுத் திரிஞ்சாக. மொதலாவதா வந்துட்டாக் காலேஜும்பா. காலேஜுக்குப் போனவ எட்டாவது படிச்சவனுக்குக் கழுத்த நீட்டுவாளா? எங்கண்ணனே மாறிருவான். அதுக்காக நான் நாளு குறிச்சேன்னு சொல்ல வரல. முகூர்த்தம் அப்படி அமைஞ்சு போச்சு, அம்புட்டுதான்.

வெள்ளிக்கிழமை தாலி ஏறிச்சு. திங்கக்கிழமை காலையில பாத்தா, இவ குளிச்சு முடிச்சு மஞ்சக் கயித்தோட நிக்கா. கையில பேனா, ஒரு சீட்டு. எம்மகன் காளிராசு சைக்கிளைத் தொடைச்சுக்கிட்டு இருக்கான். அந்தப் பய கூட்டிட்டுப் போகத் தயாரு. "வரலாறு அத்தே இன்னைக்கி. பத்து மணிக்கு. ஒண்ணேகாலுக்கு வந்துருவேன்"ன்னா.

நீயே சொல்லு. எங்களுக்குள்ள மறுவீடு போயி வராம புதுப்பொண்ணு ஊரு எல்லையத் தாண்டக் கூடாது. நான் உண்டாக்குனதா அது? எனக்கும் அப்படித்தான், எங்காத்தாளுக்கும் அப்படித்தான். "மறுவீடு முடியட்டும்டி, மிச்சத்த அடுத்த வருசம் எழுதிக்கலாம்"னேன். ஒரே ஒரு தடவை, "அத்தே"ன்னா. அழுதிருந்தா விட்டிருப்பேனோ என்னமோ. அழத் தெரியாதவ. சீட்ட மாடக்குழியில வச்சிட்டு அடுப்படிக்குப் போயிட்டா. அன்னைக்கி வெங்காயம் உரிச்சா, அந்தப் பத்து மணிக்கு.

அடுத்த வருசம் மூத்தவ கைப்பிள்ளை. அதுக்கடுத்த வருசம் எனக்கு வயித்துல ஆப்பரேசன். அப்புறம் சின்னவன். அப்புறம்தான் அந்த நோட்டீசு.

அந்தச் சீட்ட நான்தான் எடுத்து என் தகரப்பெட்டியில வச்சேன். கல்யாண வீடு, ஆளு வரும் போகும், காகிதம் காத்துல போயிரும்ல. பத்திரமா இருக்கட்டுமேன்னுதான். ரெட்டச் சடை போட்டு ஒரு போட்டா ஒட்டியிருக்கும், அத வச்சுத்தான் எனக்கு அடையாளம். பெட்டிச் சாவி எப்பவும் என் இடுப்புல. வக்கீல் கேட்டாருன்னு சொன்னேன்ல, அன்னைக்கும் சாவி இடுப்புலதான் கெடந்துச்சு. எடுத்துக் குடுக்கலாம். குடுத்தா அடுத்து என்ன கேப்பாரு? ஏம்மா எழுதலன்னு கேப்பாரு. கோர்ட்டுல அத்தனை பேருக்கு முன்னால இவ வாயத் தொறந்து சொல்லணும். டீச்சரம்மா மாமியான்னு பேரு வாங்கிட்டேனே தாயி. நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு நிப்பேன்?

ஒரு சீட்டுல கேசு ஜெயிச்சிருமா என்ன? ஜெயிச்சிருக்காதுல்ல? நீ படிச்சவ மாதிரி இருக்க, சொல்லு. ஜெயிச்சிருக்காது.

வேலை போனதுக்கப்புறம் இவ ஒருத்தருகிட்டயும் கேக்காமப் போயி இந்தப் பரிட்சைக்குப் பணங்கட்டிட்டு வந்தா. போன வருசம் பதினொண்ணு எழுதுனா, இந்த வருசம் பன்னெண்டு. எனக்கு நெஞ்சு குளுந்து போச்சு. இத முடிச்சிட்டா வேலைய திரும்பக் குடுத்துருவான்ல! வக்கீலுக்குப் போன் போடச் சொன்னேன். "இல்ல பாட்டி, டிகிரிக்கு முன்னால முடிச்சிருக்கணும். இப்ப முடிச்சா அந்த டிகிரிக்கு உயிர் வராது"ன்னுட்டாரு. சோத்துக்கு முன்னால கொழம்பு ஊத்துனா என்ன, பின்னால ஊத்துனா என்ன, வயித்துக்குள்ள ஒண்ணுதானன்னு சத்தம் போட்டேன். போன வச்சிட்டாரு.

அப்புறம் எதுக்குடி எழுதுதன்னு இவகிட்டயே கேட்டேன். "வேலைக்கு இல்ல அத்தே. பாதியில எந்திரிச்சு வந்த மாதிரியே இருக்கு"ன்னா. எனக்கு வெளங்கல. இருவத்திரெண்டு வருசம் ஆச்சு, இன்னுமா அப்படி இருக்கும்?

முந்தாநாத்து அவளுக்கு வரலாறு. கிளம்பும்போது எனக்கு என்ன தோணுச்சோ, பெட்டியத் தொறந்து அந்தச் சீட்ட எடுத்து மடியில வச்சுக்கிட்டேன். இங்கதான் உக்காந்திருந்தேன். கேட்டுல காவலுக்கு ஒரு போலீசுக்காரப் பொண்ணு நின்னா. சின்னப் பொண்ணு, நல்ல பொண்ணு. அவகிட்ட நீட்டி, "ஏம்மா, இதுல என்ன போட்டிருக்கு, வாசி"ன்னேன். "ஐயையோ பாட்டி, இது பழைய ஹால் டிக்கெட்டு, நான் பால் குடிக்கும்போது நடந்த பரிட்சை"ன்னு சிரிச்சா. ஒவ்வொரு தேதியா வாசிச்சா. கல்யாணத் தேதியச் சொல்லி, அந்த வெள்ளிக்கிழமைக்கு அப்புறம் எத்தனை இருக்குன்னு கேட்டேன். "நாலு பாட்டி"ன்னா. எத்தனை நாளுக்குள்ளன்னு கேட்டேன். விரல் விட்டுப் பாத்தா.

"பன்னெண்டு நாளு."

நான் ரெண்டு மாசம்னு நெனச்சிருந்தேன் தாயி. குறைஞ்சது ஒரு மாசமாவது இருக்கும்னு. பன்னெண்டு நாளுதானாம். பந்தக்காலே அம்புட்டு நாளு நின்னிருக்கும், பிரிக்காம.

அந்த நேரம் மணி அடிச்சிருச்சு. திரும்பிப் பாக்கதுக்குள்ள மாரி முன்னால வந்து நிக்கா. சீட்டு என் கையில விரிஞ்சபடி இருக்கு. "என்ன அத்தே அது?"ன்னா. "ஆஸ்பத்திரிச் சீட்டும்மா"ன்னேன். அவ போட்டாவப் பாத்தா. ரெட்டச் சடையப் பாத்தா. நான் கண்டமானிக்கு மடிச்சுச் சுருட்டுதேன்.

"பழைய மடிப்புலயே மடிங்க அத்தே, கிழிஞ்சிரும்"னா. சொல்லிட்டு பஸ் ஸ்டாண்டப் பாத்து நடந்தா.

பழைய மடிப்பு. அது அவளுக்கு எப்படித் தெரியும்? எப்பப் பாத்திருப்பா? நான் ஆஸ்பத்திரியில கெடந்தப்ப எங்கிட்டச் சாவி வாங்கி என் சேலை எடுக்கப் பெட்டியத் தொறந்தா, அப்பவா? அப்படின்னா வக்கீல் கேட்டப்ப... அவளுக்குத் தெரியும். தெரிஞ்சுக்கிட்டே தொலைஞ்சு போச்சுன்னு சொல்லியிருக்கா. வேலை போற நேரத்துல.

ரெண்டு நாளா சோறு எறங்கல. அவ எப்பவும் போலத்தான் இருக்கா. "மாத்திரை போட்டீகளா அத்தே"ங்கா.

இன்னைக்கி பூகோளம். கடைசி. கிளம்புறதுக்கு முன்னால பெட்டிச் சாவிய அவ கைப்பையில போட்டுட்டேன். அவளுக்குத் தெரியாது. இடுப்பு என்னமோ லேசா இருக்கு, அடிக்கொரு தரம் தொட்டுத் தொட்டுப் பாக்கேன்.

மணி அடிக்குதா? ஆமா, அடிக்குது. அந்தா வருதுக பாரு, பிள்ளைக. உன் மகளா அது, பச்சைச் சுடிதாரு? அழகா இருக்கா. ஆவணியில எந்தத் தேதின்னு சொன்ன? அதுக்குள்ள ரிசல்ட்டு வந்துருமா? நல்லா விசாரிச்சுக்க தாயி. வரலன்னா ஒரு மாசம் தள்ளிப் போடு. மாப்பிள்ளை வீட்டுல மாமியாக்காரி ஏதாவது சொன்னா, நான் சொன்னேன்னு சொல்லு.

கண்ணாடி போட்டவ, அந்தக் கூட்டத்துக்குப் பின்னால, அவதான் எம் மாரி. என்னையப் பாத்துட்டா. இனிமே இதப் பேசாத. மழை வருமான்னு என்கிட்டக் கேளு.